வெட்ட வெட்டத் துளிர்க்கும் மரம்

கோலார் தங்கவயல் சுரங்கம் 2001-ஆம் ஆண்டு பிப்ரவரி 28-ஆம் நாள் மூடப்பட்டது. அதன் பிறகு ஆயிரக்கணக்கான பேர் பெங்களூருக்கு ரயிலில் வேலைக்குப் போய் வரத் தொடங்கினார்கள். நீங்களும் போயிருப்பீர்கள். மாலூர் பக்கம் ஜன்னல் வழியே பார்த்தால், ஒல்லியாக, நேராக, வரிசை வரிசையாக மரங்கள் தெரியும். பட்டை உரிந்து வழுவழுப்பாக இருக்கும். இலையைக் கசக்கினால் தைல வாசனை வரும்.

அதுதான் தைலமரம். யூகலிப்டஸ் என்றும் சொல்வார்கள். கன்னடத்தில் அதற்கு 'நீலகிரி' என்று பெயர். பெயர்தான் நீலகிரி. சொந்த நாடு கடல் கடந்த ஆஸ்திரேலியா.

யூகலிப்டஸ் என்பது ஒரே மரம் அல்ல. அது பெரிய குடும்பம். அதில் 700-க்கும் மேற்பட்ட வகைகள் உண்டு. சில வகை 300 அடி வரை வளரும். சில வகை வெறும் புதர்.

அந்தக் குடும்பத்தில் மிக மிக அரிதான வகை ஒன்று இருக்கிறது. ஆஸ்திரேலியாவின் தென்கிழக்கில் மாங்கர்லோ என்று ஒரு சிற்றூர். அதன் அருகில் 1985-இல் அதைக் கண்டுபிடித்தார்கள். புதர் போன்ற செடி. சின்னச் சின்ன இலைகள் கீழ்நோக்கி வளைந்திருக்கும். உலகம் முழுவதும் காட்டில் இயற்கையாக நிற்கும் செடிகள் எத்தனை தெரியுமா? இதுவரை கண்டது பத்தைக் கூடத் தொடவில்லை!

ஏன் இவ்வளவு குறைவு? உலகம் இன்னும் குளிராக இருந்த காலத்தில் இது நிறைய வளர்ந்திருக்கும் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். இப்போது மிஞ்சிய செடிகள் ஒன்றுக்கொன்று தொலைவில் நிற்கின்றன. ஒன்றின் மகரந்தம் இன்னொன்றுக்குப் போய்ச் சேருவதில்லை. அதனால் நல்ல விதை பிடிப்பது அரிது. விதை இல்லையென்றால் புதுச் செடி ஏது?

ஆனாலும் அது சாகவில்லை. மண்ணுக்குள் அதற்குத் தடித்த அடிக்கட்டை இருக்கிறது. மேலே உள்ளது எரிந்தாலும் ஒடிந்தாலும் அடிக்கட்டை மறுபடி துளிர்க்கும். இப்படியே பல ஆயிரம் ஆண்டுகளாக ஒரே செடி உயிரோடு இருப்பதாக மதிப்பிடுகிறார்கள்.

இந்தத் துளிர்க்கும் குணம் கோலார் தைலமரத்துக்கும் உண்டு. அங்கே அது ஒரு செடியைக் காப்பாற்றியது. இங்கே அதுவே வியாபாரம் ஆனது.

திப்பு சுல்தான் 1790 வாக்கில் நந்தி மலையில் இந்த மரங்களை நட்டதாகச் சொல்வார்கள். நந்தி மலை 2007 வரை கோலார் மாவட்டத்தில்தான் இருந்தது. அங்கே வளர்ந்த மரங்களின் விதைதான் பின்னாளில் பல மாநிலங்களுக்குப் போனது. 1980-களில் கோலார் விவசாயிகள் தங்கள் நிலத்திலேயே இதை நட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. மழை பொய்க்கிற ஊர். கேழ்வரகுக்குச் சரியான விலை இல்லை. தைலமரத்தை ஆடு மாடு மேயாது. காவல் வேண்டாம். சில ஆண்டுகளில் வெட்டி, காகிதக் கூழுக்கும் சாரக் கழிக்கும் விற்கலாம். வெட்டிய கட்டை மீண்டும் துளிர்க்கும். ஒரு முறை நட்டால் மூன்று நான்கு முறை அறுவடை.

ஆனால் தண்ணீர்? கர்நாடகத்தின் வறண்ட பகுதிகளில் ஆராய்ச்சியாளர்கள் இதை அளந்து பார்த்தார்கள். கேழ்வரகுப் பயிரைப் போலச் சுமார் இரண்டு மடங்கு நீரைத் தைலமரத் தோப்பு எடுத்தது. மண் ஆழம் குறைவான இடத்தில், நம் நாட்டுக் காட்டு மரங்களும் ஏறக்குறைய அதே அளவு நீர் எடுத்தன. எல்லாப் பழியையும் தைலமரத்தின் மேல் போடுவது சரியல்ல. ஆனால் கோலாருக்குப் பக்கத்தில் உள்ள ஹொசகோட்டேயில் மண் ஆழமானது. அங்கே வேர் கீழே கீழே இறங்கியது. பெய்த மழையை விட அதிகமான நீரை மரம் எடுத்தது. மீதி எங்கிருந்து வந்தது? அடிமண்ணில் முன்பே சேர்ந்திருந்த ஈரத்திலிருந்து.

கோலாரில் வற்றாத ஆறு கிடையாது. தங்கவயலுக்குக் குடிநீர் தந்த பேத்தமங்கலம் ஏரிகூடப் பாலாற்றில் வரும் மழைநீரை நம்பியதுதான். போர்வெல் ஆயிரம் அடியைத் தாண்டிய ஊர்கள் பல. பெங்களூரின் கழிவுநீரைச் சுத்தம் செய்து, 2018 முதல் கோலார் ஏரிகளில் நிரப்புகிற நிலை வந்தது. அதற்கு முந்தைய ஆண்டு, 2017-இல், தைலமரத்தைப் புதிதாக நடக் கர்நாடக அரசு தடை விதித்தது.

நட்டதை எடுப்பது எளிதல்ல. கோடரியால் வெட்டினால் போதாது. கட்டை துளிர்க்கும். துளிரும் தண்ணீர் குடிக்கும். ஜேசிபியை வாடகைக்குப் பிடித்து, அடிக்கட்டையை வேரோடு தோண்ட வேண்டும். பிறகு குழிகளை மூடி, நிலத்தைச் சமப்படுத்த வேண்டும். அதன் பிறகுதான் அங்கே மறுபடி கேழ்வரகு விதைக்கலாம்.