மாடுபிடி வீரர்

ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் திருப்பாவையில் துயிலெழுப்பும் நப்பின்னையை மணக்க, கண்ணன் ஏழு காளைகளை அடக்கினான் என்பது வைணவ மரபு. முல்லைக்கலி பாடும் ஏறுதழுவுதலும் இதே வீரம்தான்.

இன்றைய ஜல்லிக்கட்டில் வீரர், காளை வெளிவரும் வாடிவாசலுக்கு நேரே நிற்பதில்லை, பக்கவாட்டில் காத்திருப்பார். காளை பாய்ந்ததும் திமிலைக் கட்டிக்கொண்டு, நெஞ்சை அதன் விலாவோடு ஒட்டி, குளம்பில் சிக்காமல் காலை ஒதுக்கியபடி கூடவே போவார். வாலையோ கொம்பையோ பிடித்தால் பிடி செல்லாது. அமெரிக்க ரோடியோ வீரர் காளைமேல் 8 வினாடி தாக்குப்பிடிக்க வேண்டும்; இங்கே மேலே ஏறுவதே இல்லை.

அலங்காநல்லூர் ஜல்லிக்கட்டில் 2022இல் கருப்பாயூரணி கார்த்திக் 21 காளைகளைப் பிடித்து முதலிடம் பெற்றார். மறு ஆண்டு பூவந்தி அபிசித்தர் 26. 2024இல் மீண்டும் கார்த்திக், 18. ஒரே காளை பின்தங்கி அபிசித்தர், 17. ஒரு காளையைத் தழுவுவதே பெரிது. ஒரே நாளில் இத்தனை என்பது அசாத்திய உழைப்பு.

2014இல் ஜல்லிக்கட்டுக்கு உச்ச நீதிமன்றம் விதித்த தடை, 2017 மெரினா போராட்டத்தையொட்டி வந்த சட்டத்தால் விலகியது. 2023 மே 18 அன்று அச்சட்டம் செல்லும் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

பொங்கலுக்கு ஜல்லிக்கட்டு பார்க்கப் போகிறவர்கள் கேலரியில் இருந்தே பாருங்கள். களத்தைவிட்டு வெளியேறும் காளையின் வழியில் நிற்காதீர்கள்.