ஆஸ்பத்திரிக்குப் போனால் போலீஸ் வருமா?

ஊத்துக்குளிக்குப் பக்கத்தில் ஒரு வளவில் போன மாதம் ஒரு அக்கா என்னிடம் கேட்ட கேள்விதான் தலைப்பில் இருக்கிறது. அவர் காட்டு வேலைக்குப் போகிறவர். மகனுக்கு இருபது வயது. பிளஸ் டூவோடு படிப்பை நிறுத்திவிட்டுத் திருப்பூரில் ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்தவன். முதலில் பாக்கு, பிறகு கஞ்சா, இப்போது ஏதோ வலி மாத்திரை என்கிறார்கள். "ஏனுங்க தம்பி, ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனா போலீசுக்குச் சொல்லிப் போடுவாங்களாங்க? ஒரு தடவ பேரு ஏறிப் போச்சுன்னா அப்பறம் எது நடந்தாலும் எம்பையனத்தான தேடி வருவாங்க" என்றார்.

பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சொல்ல மாட்டார்கள். சிகிச்சைக்கு வந்தவரைப் போலீசில் ஒப்படைக்க வேண்டும் என்று போதைப்பொருள் சட்டத்தில் எந்தப் பிரிவும் இல்லை. வழக்கே பதிவாகியிருந்தாலும், பயன்படுத்தியதற்காகவோ சிறிய அளவு வைத்திருந்ததற்காகவோ போட்ட வழக்காக இருந்தால், அரசு மருத்துவமனையிலோ அரசு அங்கீகரித்த மையத்திலோ தானாக முன்வந்து சிகிச்சை பெறுகிறவர் மீது வழக்கு நடத்தக்கூடாது என்று அந்தச் சட்டத்தின் 64ஏ பிரிவு சொல்கிறது. சிகிச்சையைப் பாதியில் விட்டால் இந்தப் பாதுகாப்பைத் திரும்பப் பெறலாம். விற்றவருக்கு இது கிடையாது.

அந்த அக்காவுக்கு 64ஏ தெரியாது. 'கஞ்சா வேட்டை' தெரியும். 2021 டிசம்பரில் தமிழகக் காவல் துறை அந்தப் பெயரில் நடவடிக்கை தொடங்கியதிலிருந்து கைது எண்ணிக்கை செய்தித்தாளில் வந்துகொண்டே இருக்கிறது. சட்டத்தின் ஒரு முகம் மட்டும் எப்படி வளவுக்குள் வந்து சேர்ந்தது என்று பார்க்க வேண்டுமானால் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

ஈரோட்டில் 1921-ல் நடந்த கள்ளுக்கடை மறியல் பள்ளிப் பாடத்திலேயே இருக்கிறது. பெரியாரின் மனைவி நாகம்மையாரும் தங்கை கண்ணம்மாளும் முன்னால் நின்ற போராட்டம் அது. அன்று ஈரோடும் நம் ஊத்துக்குளியும் ஒரே கோயம்புத்தூர் மாவட்டம். 1937 அக்டோபர் 1-ம் தேதி, ராஜாஜி தலைமையிலான மாகாண அரசு சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொண்டுவந்தது. அதற்காகப் போட்ட மதுவிலக்குச் சட்டம் சாராயம், கள்ளோடு கஞ்சா போன்றவற்றையும் சேர்த்தே தடுத்தது. அதில் போன வருவாயை ஈடுகட்டத்தான் 1939-ல் விற்பனை வரி வந்தது. போர்க்காலத்தில் நின்றுபோன மதுவிலக்கு, ஓமந்தூரார் காலத்தில் 1948-ல் மாகாணம் முழுக்க வந்தது. வசதியுள்ளவர் உடல்நலக் காரணம் காட்டி 'பர்மிட்' வாங்கிக் குடிக்க வழி இருந்தது. கூலிக்காரர் பனைமரத்தடியில் குடித்தால் குற்றம்.

அதன் பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும். 1971-ல் கடை திறந்தது, 1974-ல் மூடியது, 1981-ல் மறுபடி திறந்தது. 1983-ல் டாஸ்மாக் பிறந்தது. 1987-லிருந்து கள்ளுக்குத் தடை. 2003-லிருந்து சில்லறை விற்பனையும் அரசின் கையில். 2023-24ல் மது வழியே அரசுக்கு வந்தது சுமார் 45,855 கோடி ரூபாய். இத்தனையும் இன்றைக்கும் நடப்பது 1937-ம் ஆண்டின் அதே சட்டத்தின் கீழ்தான். அதன் பெயர் இன்னமும் மதுவிலக்குச் சட்டம்!

கடை வேண்டாம் என்று கேட்ட பெண்களுக்கு என்ன கிடைத்தது என்பதற்கு நம் மாவட்டமே சாட்சி. 2017 ஏப்ரல் 11-ம் தேதி சாமளாபுரத்தில் டாஸ்மாக் கடைக்கு எதிராகச் சாலையில் உட்கார்ந்த பெண்கள் மீது தடியடி நடந்தது. கூடுதல் காவல் கண்காணிப்பாளர் ஒருவர் ஒரு பெண்ணைக் கன்னத்தில் அறைந்ததை நாடே தொலைக்காட்சியில் பார்த்தது.

குடி என்றவுடன் "அந்த ஆளுக சம்பாதிக்கறதே குடிக்கத்தானே" என்று எங்கள் மக்களைப் பற்றிச் சொல்கிறவர்களை நான் டீக்கடையிலும் கேட்டிருக்கிறேன், படித்தவர்கள் கூடும் மேடையிலும் கேட்டிருக்கிறேன். சாவு வீட்டில் பறையடிக்க அழைத்துப் போய் கூலியோடு சாராயத்தை ஊற்றிவிட்டது யார்? செத்த மாட்டைத் தூக்கவும் சாக்கடைக்குள் இறங்கவும் ஆளைத் தயார் செய்யக் குவார்ட்டர் வாங்கிக் கொடுத்தது யார்? கொங்குப் பகுதியில் தூய்மைப் பணியில் இருப்பவர்களில் பெரும்பாலோர் அருந்ததியர். அந்த நாற்றத்தைக் குடிக்காமல் எப்படிங்க தாங்குவது என்று அவர்கள் கேட்டால், மனிதர் மலக்குழியில் இறங்குவதைத் தடை செய்த 2013-ம் ஆண்டுச் சட்டத்தை எடுத்துக் காட்டலாம். அந்த நாற்றம் அதனால் குறைவதில்லை.

இந்த விஷயத்தில் அம்பேத்கர் எடுத்த நிலை இன்றைய மாணவர்களுக்கு ஆச்சரியமாக இருக்கும். 1951-ல், முதல் பொதுத் தேர்தலுக்கு முன், அவருடைய பட்டியல் சாதிகள் கூட்டமைப்பின் தேர்தல் அறிக்கை மதுவிலக்கை எடுத்துவிட வேண்டும் என்றது. நாட்டின் வளர்ச்சிக்குப் பணம் எங்கிருந்து வரும் என்ற கேள்விக்கு அவர் காட்டிய வழிகளில் ஒன்று, மதுவிலக்கால் வீணாகும் ஆயத்தீர்வை. அதே அம்பேத்கர் 1956 அக்டோபர் 14 அன்று நாகபுரியில் லட்சக்கணக்கானோரோடு பௌத்தம் தழுவியபோது ஏற்கச் செய்த 22 உறுதிமொழிகளில், மது அருந்த மாட்டேன் என்பதும் ஒன்று.

இரண்டும் முரண் என்பார் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. போதையை விடுவது நாம் நமக்குச் செய்துகொள்ளும் காரியம். அதை விட வைக்கிறேன் என்று அரசு தடியோடு வருவது வேறு காரியம். அந்தத் தடி முதலில் யார் முதுகில் விழும் என்பது அவருக்குத் தெரிந்திருக்கும். இன்று நம் இயக்கங்கள் எல்லாம் அந்த நிலையில் இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். 2024 அக்டோபர் 2-ம் தேதி உளுந்தூர்பேட்டையில் விடுதலைச் சிறுத்தைகள் கட்சி மது, போதைப்பொருள் ஒழிப்பு மகளிர் மாநாட்டை நடத்தி, நாடு முழுவதும் மதுவிலக்கு கேட்டது.

அந்த மாநாட்டுக்குப் பின்னணி கள்ளக்குறிச்சி. அதே ஆண்டு ஜூன் மாதம் கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து 65-க்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். பெரும்பாலும் தலித் மக்கள், தினக்கூலிகள். காவல் நிலையமும் நீதிமன்றமும் கூப்பிடு தூரத்தில் இருந்த ஊர் அது. உடனே மதுவிலக்குச் சட்டத்தைத் திருத்தி ஆயுள் தண்டனை வரை உயர்த்தினார்கள். நவம்பரில் உயர் நீதிமன்றம் வழக்கை சி.பி.ஐ.க்கு மாற்றியது.

கஞ்சாவின் கதை வேறு பாதையில் வந்தது. 1893-ல் ஆங்கிலேய அரசு இந்தியச் சணல் போதைப்பொருள் ஆணையம் என்று ஒன்றை அமைத்தது. அது நாடெங்கும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட சாட்சிகளை விசாரித்துவிட்டு, முழுத் தடை தேவையில்லை, வரி போட்டுக் கட்டுப்படுத்தினால் போதும் என்றது. வரி வருவாயில் கண் வைத்த அரசு அப்படிச் சொன்னதில் வியப்பில்லை. 1961-ல் ஐ.நா. ஒப்பந்தம் உலகத்துக்கே பொதுவான தடையைக் கொண்டுவந்தது. கஞ்சா விஷயத்தில் இந்தியா போன்ற நாடுகளுக்கு 25 ஆண்டு அவகாசம் கிடைத்தது. அது முடிவதற்குள், 1985-ல், இன்றைய போதைப்பொருள் சட்டம் வந்துவிட்டது.

இந்தச் சட்டத்தில் எடைதான் தலையெழுத்து. 2001-ல் செய்த திருத்தத்திலிருந்து அப்படி. கஞ்சா 1 கிலோவுக்குக் குறைவாக இருந்தால் சிறிய அளவு. ஓராண்டு வரை சிறை, அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 20 கிலோவுக்கு மேல் போனால் வணிக அளவு. குறைந்தது 10 ஆண்டு, ஜாமீன் மிகக் கடினம். இடையில் இருந்தால் 10 ஆண்டு வரை. ஆகவே பையில் இருந்தது எவ்வளவு, அதை யார் எடை போட்டார், எந்தத் தாளில் கையெழுத்து வாங்கினார் என்பதில்தான் ஒரு பையனின் பத்து வருடம் தொங்குகிறது. மாணவர்கள் இரண்டு விஷயங்களைத் தெரிந்துவைத்துக்கொள்ளலாம். உடலைச் சோதனையிடும் முன், நீதித்துறை நடுவர் அல்லது கெஜட்டட் அதிகாரி முன்னிலையில் சோதனை கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. பெண்ணைப் பெண்தான் சோதிக்க வேண்டும். அடுத்தது, போதைப்பொருள் தடுப்பு அதிகாரிகளிடம் கொடுத்த வாக்குமூலத்தை மட்டும் வைத்துத் தண்டிக்கக் கூடாது என்று 2020 அக்டோபர் 29 அன்று உச்ச நீதிமன்றம் சொன்னது. தமிழ்நாட்டிலிருந்து போன தோஃபான் சிங் வழக்கு அது.

இதற்கு மேல் நம் மாநிலத்துக்கென்றே ஒன்று இருக்கிறது: 1982-ம் ஆண்டின் 14-வது சட்டம். பேச்சு வழக்கில் குண்டாஸ். கள்ளச்சாராயம் காய்ச்சுவோர், போதைப்பொருள் குற்றவாளிகள் எல்லாம் சட்டத்தின் தலைப்பிலேயே வருகிறார்கள். விசாரணை இல்லாமல் 12 மாதம் உள்ளே வைக்கலாம். தடுப்புக்காவலில் அதிகம் பேரை வைத்திருக்கும் மாநிலங்களில் தமிழ்நாடு தொடர்ந்து முன்வரிசையில் நிற்கிறது. உயர் நீதிமன்றத்துக்குப் போனால் இந்த உத்தரவுகளில் நிறைய ரத்தாகின்றன. சென்னைக்குப் போய் வழக்கறிஞர் வைக்கிற குடும்பத்துக்குத்தானே அது?

போதை வளவுக்குள் மட்டும் இருப்பதாக யாரும் நினைக்க வேண்டாம். ஊர்த்தெருவிலும் இருக்கிறது, கல்லூரி விடுதியிலும் இருக்கிறது. அங்கே பையன் சிக்கினால் அப்பா தனியார் மருத்துவமனைக்குக் காரில் கூட்டிப் போகிறார். விஷயம் வெளியே தெரிவதில்லை. எங்கள் பையன் சிக்கினால் ஸ்டேஷன். அடுத்த பழி வடக்கேயிருந்து வந்த தொழிலாளி மீது. கஞ்சா ரயிலில் வருகிறது, அவனும் ரயிலில் வருகிறான், ஆகவே அவன்தான் என்று ஒரு கணக்கு. எங்களைப் பற்றிப் போட்ட அதே கணக்கை எங்கள் பையன்களே அவர்கள் மீது போடுவதைக் கேட்கும்போது கஷ்டமாக இருக்கிறது.

பனியன் கம்பெனி வேலையையும் இதில் விட்டுவிட முடியாது. ஒன்றரை ஷிப்ட், ஆர்டர் நெருக்கினால் விடிய விடிய. சனிக்கிழமை சம்பளம். முதுகு வலிக்கு என்று கைக்கு வரும் மாத்திரை டபென்டடாலாக இருக்கலாம். மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக்கூடாத மருந்து அது. அதன் சகோதரன் போன்ற டிரமடாலை 2018-ல் போதைப்பொருள் சட்டத்துக்குள் கொண்டுவந்தார்கள். வலிக்குப் போட்டவன் ஒரு கட்டத்தில் போடாவிட்டால் உடம்பு நடுங்குகிறது என்கிறான். கரைத்து ஊசியில் ஏற்றுகிற இடத்துக்குப் போனவர்கள் ஒரே ஊசியைப் பகிர்ந்தால் எச்.ஐ.வி., மஞ்சள் காமாலை வகை நோய்கள் வரை வரும்.

இது நோய் என்று சட்டமே ஒப்புக்கொண்டுவிட்டது. 2017-ம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் மது, போதைப்பொருள் பழக்கத்தால் வரும் பாதிப்பை மனநோய் என்ற சொல்லுக்குள்ளேயே சேர்த்திருக்கிறது. சில விதிவிலக்குகள் தவிர, சிகிச்சை விவரத்தை ரகசியமாக வைக்க வேண்டியது மருத்துவமனையின் கடமை. 2025 பிப்ரவரியில் தமிழக அரசு அரசு மருத்துவமனைகளில் 25 'கலங்கரை' போதை மீட்பு மையங்களைத் திறந்தது. 14446 என்ற எண்ணில் கட்டணமில்லாமல் பேசலாம். 2022 ஆகஸ்டில் பள்ளிகள்தோறும் போதை ஒழிப்பு உறுதிமொழி எடுக்க வைத்தார்கள். அந்த உறுதிமொழிக்குக் கீழே 64ஏ பற்றியும் இந்த எண்ணைப் பற்றியும் இரண்டு வரி சேர்த்திருந்தால் இத்தனை நாளில் வளவுக்கும் வந்து சேர்ந்திருக்கும்.

இதையெல்லாம் அக்காவிடம் சொன்னேன். போலீஸ் பயம் கொஞ்சம் தணிந்தது. எத்தனை நாள் படுக்கையில் இருக்க வேண்டும் என்று கேட்டார். ஆளைப் பொறுத்தது, சில வாரங்கள் ஆகலாம், பிறகும் மருந்துக்குப் போய் வர வேண்டும் என்றேன். விரல் விட்டு எண்ணினார். குழுக்கடன் தவணை வாரா வாரம் கட்ட வேண்டும்; அது மகனின் சனிக்கிழமை சம்பளத்திலிருந்துதான் போகிறது. ஈ.எஸ்.ஐ. இருந்தால் நோய் விடுப்புக்குச் சம்பளத்தில் 70 சதவீதம், ஆண்டுக்கு 91 நாள் வரை கிடைக்குமே, பையனிடம் கார்டு இருக்கிறதா அக்கா என்று கேட்டேன்.

"கான்ட்ராக்டர்கிட்ட பீஸ் ரேட்டுங்க தம்பி. கார்டெல்லாம் இல்லீங்க" என்றார்.