ஹாம்ஸ்டரின் வால் நனைந்திருக்கிறதா? நாளை என்று தள்ளாதீர்கள்!

பட்டணத்துக் கடையில் பிள்ளை அடம்பிடித்து வாங்கிய ஹாம்ஸ்டர் உங்கள் வீட்டிலும் இருக்கலாம். 'சில வெள்ளிக்கு வாங்கிய எலிதானே' என்று பெரியவர்கள் நினைக்கலாம். பிள்ளைக்கோ அது தன் பொறுப்பில் வந்த முதல் உயிர். அதைக் காப்பாற்ற ஒரு நோயைப் பற்றி நீங்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும்.

அதை 'ஈரவால் நோய்' எனலாம். குடலைத் தாக்கும் கிருமியால் வருவது. பிறந்து 3 முதல் 10 வாரமான குட்டிகளையே அதிகம் பிடிக்கிறது. பெரும்பாலும் கடையில் விற்கப்படும் வயதும் அதுதான். தாயைப் பிரிந்து, கூண்டு மாறி, தீனி மாறி, புதிய கைகளில் சிக்கி மிரளும்போது அதன் உடல் தளர்கிறது, நோய் முந்திக்கொள்கிறது. நோய் முற்றினால் இரண்டே நாளில் உயிர் போய்விடும்.

எப்படிக் கண்டுபிடிப்பது? ஹாம்ஸ்டர் பகலில் தூங்கும், அது நோயல்ல. பொழுது சாய்ந்த பிறகு கவனியுங்கள். எழுந்து ஓடாமல் முதுகைக் கூனிக்கொண்டு கிடக்கிறதா? ரோமம் சிலிர்த்து, கண் குழிவிழுந்திருக்கிறதா? தீனி வைத்தபடியே இருக்கிறதா? வாலும் பின்புறமும் நனைந்து நாற்றம் வீசுகிறதா? அப்படியானால் அன்றைக்கே கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்லுங்கள்.

ஒன்றை மட்டும் செய்யாதீர்கள். வீட்டில் மிச்சமிருக்கும் மாத்திரையைப் பொடித்துக் கொடுக்காதீர்கள். மனிதருக்கு உதவும் பென்சிலின், அமோக்சிசிலின் போன்ற மருந்துகள் ஹாம்ஸ்டரின் குடலிலுள்ள நல்ல கிருமிகளை அழித்து, அதன் உயிருக்கே உலை வைக்கும்.

வருமுன் காப்பது எளிது. வாங்கும்போதே பின்புறத்தைப் பாருங்கள். அதே கூண்டில் ஒன்று நோயுற்றிருந்தாலும் வாங்காதீர்கள். வீட்டுக்கு வந்த முதல் சில நாட்கள் தூக்கிக் கொஞ்சாமல் விடுங்கள். கடையில் தின்ற தீனியையே கொடுத்து, பிறகு மெல்ல மாற்றுங்கள். வெள்ளரிக்காய், கீரை போன்றவை சிறு துண்டு போதும். தினமும் தண்ணீரை மாற்றி, ஒளித்து வைத்த பழைய காய்கறியையும் ஈரமான மரத்தூளையும் அகற்றுங்கள். உடன் இருந்த ஹாம்ஸ்டர் நோயுற்றால் உடனே பிரித்து வையுங்கள். கூண்டைத் தொட்டபின் பிள்ளைகள் சோப்புப் போட்டுக் கை கழுவட்டும்.

வெயிலும் அதற்கு எமன்தான். பொன்னிற ஹாம்ஸ்டரின் பூர்வீகம் சிரியா நாடு. அங்கே அது மண்ணுக்கடியில் குளிர்ச்சியான வளையில் உறங்கும். நம் தகரக் கூரையின் மத்தியான வெக்கையை அது தாங்காது. வெயில் படாத, காற்றோட்டமான மூலையில் கூண்டை வையுங்கள்.

பெற்றோர்களே, தினமும் மாலையில் ஒரு நிமிடம் பிள்ளையோடு சேர்ந்து கூண்டைப் பாருங்கள். வாயில்லாப் பிராணி தன் வலியைச் சொல்லாது. நாம்தான் பார்த்து அறிய வேண்டும். அந்தப் பழக்கம் பிள்ளைக்கு வந்துவிட்டால், வளர்ந்த பிறகும் பிறர் துன்பம் அதன் கண்ணில் படும்.