மறதிப் பிணியும் தாதியர் கல்வியும்

முதுமையில் நேரும் மறதி யாவும் நோயன்று. பெற்ற மகளையே 'நீ யார்?' என வினவும் நிலையோ மூளையின் பிணியாம். இத்தகையோரைப் பேணும் தாதியர் முன்பு கற்றதோடு அமைதல் ஆகாது. ஆஸ்திரேலியாவிற் பதிவுபெற்ற தாதியர் ஆண்டுதோறும் 20 மணி நேரமேனும் தொடர்கல்வி பயிலல் வேண்டுமென்பது விதி. அதற்குரிய பொருளைத் தாமே தேடவேண்டின் இவ்விதி பலர்க்குச் சுமையன்றோ? அச்சுமையைக் குறைப்பது டாஸ்மேனியா சர்வகலாசாலையார் 2013-ஆம் ஆண்டு இணையவழித் தொடங்கிய இலவசப் பாடம். அதிற் செலவிடும் பொழுதை மேற்கூறிய கணக்கிற் சேர்க்கலாம். மூளை, நோய்கள், மனிதர் என அது மூன்று பகுதியுடையது. மூன்றாவதையே நாம் பெரிதென மதிக்கின்றோம். "வீட்டிற்குப் போகவேண்டும்" என்று மாலைதோறும் எழுந்து நிற்கும் மூதாட்டியிடம் "இதுதான் உங்கள் வீடு" என்று வாதிடுதல் வீண், அச்சமே மிகும். அவர் தேடும் வீட்டைப் பற்றி வினவி, கைபிடித்துச் சிறிது தூரம் உடன் நடத்தலே தக்கது.