பிணைமுறி யாரைப் பிணிக்கின்றது?

பல்கலைக்கழக விரிவுரையாளர் ஒருவர் கலாநிதிப் பட்டத்திற்காகச் சம்பளத்துடன் கூடிய கற்கை விடுமுறையில் வெளிநாடு செல்லும்போது பிணைமுறி ஒன்றில் ஒப்பமிடுகின்றார். கற்கை முடிந்ததும் திரும்பிவந்து குறித்த காலம் சேவையாற்றுவேன், தவறினால் பெற்ற சம்பளத்தையும் ஏனைய செலவுகளையும் திருப்பிச் செலுத்துவேன் என்பதே அதன் சாரம். அவருடன் பிணையாளர்களும் ஒப்பமிடுகின்றனர். அவ்வாறு திரும்பி வராதோரிடமிருந்து அறவிடப்படாத தொகைகள் பற்றிக் கணக்காய்வாளர் நாயகத்தின் அறிக்கைகளும் பாராளுமன்றக் கோப் குழுவும் பல தடவைகள் கேள்வி எழுப்பியுள்ளன. ஆயினும் இப்பிணைமுறி நடைமுறையில் யாரைப் பிணிக்கின்றது என்பது போதியளவு பேசப்படவில்லை என்றே நாம் கருதுகின்றோம்.

நமது நாட்டில் பிணை தொடர்பான விடயங்களில் உரோமன் டச்சுச் சட்டத்தின் கோட்பாடுகள் இன்றும் செல்லுபடியாகின்றன. 'முதலில் கடனாளியிடம் அறவிட முயலுங்கள், முடியாதவிடத்து என்னிடம் வாருங்கள்' என்று கோரும் உரிமையை அச்சட்டம் பிணையாளருக்கு அளித்துள்ளது. ஆனால், பிணைமுறிகளில் அவ்வுரிமையைத் துறப்பதாக ஒரு வாசகம் சேர்க்கப்படுவது வழக்கம். ஒப்பமிடும் அவசரத்தில் அதனை வாசித்து விளங்கிக்கொள்வோர் மிகச் சிலரே. மெல்பேர்னிலோ டொரன்டோவிலோ குடியேறிவிட்ட ஒருவரிடம் இலங்கை நீதிமன்றத்தின் தீர்ப்பை நிறைவேற்றுவது இலகுவானதல்ல. எனவே உள்ளூரில் சம்பளமும் வீடுவளவும் உள்ள பிணையாளரே கைக்கெட்டுகின்றார். அவர் பெரும்பாலும் அதே துறையில் பணியாற்றும் நண்பராகவோ மைத்துனராகவோ இருப்பார். வேண்டாமென்று சொல்ல முடியாமல் இட்ட ஒப்பத்திற்காக, ஓய்வுபெறும் வயதில் நீதிமன்ற அழைப்பாணையைப் பெறுகின்றார்.

பிணைமுறித் தொகை ரூபாவில் கணக்கிடப்படுவது இந்த அநீதியை மேலும் கூட்டியுள்ளது. 2022 மார்ச் தொடக்கத்தில் ஏறத்தாழ 200 ரூபாவாக இருந்த அமெரிக்க டொலர், மே மாதத்தில் ஏறத்தாழ 360 ரூபாவாகியது. 20 இலட்சம் ரூபா செலுத்த வேண்டிய ஒருவரின் கடன் 10,000 டொலரிலிருந்து சுமார் 5,500 டொலராகக் குறுகியது. வெளிநாட்டில் உழைப்பவருக்கு அது சில மாதச் சேமிப்பே. பிணைநின்றவரின் சுமையோ ஒரு சதமேனும் குறையவில்லை. அதே ஆண்டு ஜூன் மாதத்தில், அரச ஊழியர்கள் ஐந்து ஆண்டுகள் வரை சம்பளமற்ற விடுமுறையில் வெளிநாடு செல்ல அரசாங்கமே சுற்றறிக்கை மூலம் வழிதிறந்தது. ஒரு கையால் வழியனுப்பிக்கொண்டு மறுகையால் பிணைமுறியை நீட்டுவது விநோதமான காட்சிதான்.

பணம் வந்து சேர்ந்தாலும் ஆள் வந்து சேர்வதில்லை. கொழும்பில் பெரிய துறையொன்றில் ஒருவர் திரும்பாவிடின் ஏனையோர் சமாளித்துக்கொள்வர். யாழ்ப்பாணம், வந்தாறுமூலை, ஒலுவில், வவுனியா ஆகிய இடங்களில் விரல்விட்டு எண்ணக்கூடிய ஆசிரியர்களைக் கொண்ட துறையொன்றில் நிலைமை வேறு. குறிப்பாகத் தமிழ்மொழி மூலம் கற்பிக்கப்படும் கலைப் பாடங்களுக்கு மாற்று ஒருவரைத் தேடுவது கடினம். சென்றவரின் பதவி வெற்றிடமெனப் பிரகடனப்படுத்தப்படும் வரை நிரந்தர நியமனத்திற்கும் வழியில்லை. தற்காலிக விரிவுரையாளர்களைக் கொண்டே மாணவர்களின் ஆண்டுகள் கழிகின்றன.

அதற்காகத் திரும்பாத அனைவரையும் ஒரே தராசில் நிறுப்பதை நாம் ஏற்கவில்லை. 1983 முதல் 2009 வரையான யுத்த காலத்தில் வடக்கு, கிழக்கிற்குத் திரும்ப அஞ்சியோரின் நியாயம் வேறு, வசதியான வேலை கிடைத்ததும் கடிதங்களுக்குப் பதிலெழுதாது விட்டோரின் நியாயம் வேறு. முழுத்தொகையையும் செலுத்தி விலகுபவரைத் துரோகியாகச் சித்திரிப்பதும் தவறு. சேவை, இன்றேல் பணம் என்ற இரு வழிகளையும் தருவது பிணைமுறியே.

நிருவாகங்களின் தாமதமே பிணையாளருக்குப் பெரும் பகை. விடுமுறை முடிந்த பின்னும் ஆண்டுக்கணக்கில் கோப்பு மேசையில் கிடக்க, சென்றவரின் முகவரி மாறுகின்றது, சில வேளைகளில் வழக்கிடுவதற்கான கால எல்லையும் நெருங்கிவிடுகின்றது. விடுமுறை காலாவதியான சில மாதங்களுக்குள்ளேயே சென்றவரிடம் தவணைமுறையில் செலுத்தும் இணக்கத்தை எழுத்தில் பெறவேண்டும். அவர் மறுத்த பின்னரே பிணையாளரை நாடவேண்டும். விடுமுறை நீடிக்கப்படும் ஒவ்வொரு தடவையும் பிணையாளருக்கு அறிவிக்கவும் வேண்டும். இவற்றுக்குச் சட்டத்திருத்தம் எதுவும் தேவையில்லை, பல்கலைக்கழகப் பேரவைகளின் தீர்மானமே போதுமானது.