பயில்முறை மேடையும் வெள்ளித்திரையும்

பகலெல்லாம் அலுவல் பார்த்து, மாலையில் அரிதாரம் பூசியவர்களைப் பயில்முறைக் கலைஞர் என்கிறோம். ஊதியம் கருதாத அன்னாரின் மேடை, தொடக்ககாலத் தமிழ்த் திரைக்கு ஈந்த கொடை பெரிது. எஃப்.ஜி. நடேசய்யரின் வரலாறு அதற்குச் சான்றாகும்.

தென்னிந்திய இரயில்வே அதிகாரியான அவர், திருச்சியில் ரசிக ரஞ்சன சபாவை வளர்த்தார். அவர்தம் அரிச்சந்திர நாடகத்தில் லோகிதாசனாகத் தோன்றிய சிறுவனே பின்னாளில் எம்.கே. தியாகராஜ பாகவதராகி, 1934-இல் ‘பவளக்கொடி’ வாயிலாகத் திரையுலகில் நுழைந்தார். இயக்குநர் கே. சுப்பிரமணியத்துக்கும் அதுவே முதற்படம்.

மாணவனுக்குப் பின்னரே ஆசானுக்கு வாய்ப்பு வந்தது. பிரேம்சந்த் முதலில் உருதுவில் எழுதிய நாவலைத் தழுவி, சுப்பிரமணியம் 1938-இல் ‘சேவாசதனம்’ எடுத்தார். எம்.எஸ். சுப்புலட்சுமி அறிமுகமான அப்படத்தில், இளம் மனைவியை ஐயுற்று விரட்டும் முதிய கணவராக நடேசய்யர் நடித்தார். ஊர் மதிக்கும் ஒருவர் பழிக்கத்தக்க வேடத்தை ஏற்பது எளிதன்று. நடிப்பைப் பிழைப்பாகக் கொள்ளாமையே அத்துணிவைத் தந்தது எனலாம்.

ஜவ்வாது மலையடிவாரத்து ஊர்களிலிருந்து வந்து கல்லூரி மேடையேறும் நம் மாணவர் இதனை நெஞ்சிற் கொள்க. மேடை சிறிதென்று எண்ணற்க. வாய்ப்பு பிந்தலாம், பயிற்சி பிந்துதல் ஆகாது.