ஜெயித்த நிலம் கைக்கு வர ஒரு மனு

முன்சீப் கோர்ட்டில் ஜெயித்துவிட்டோம், நிலம்தான் இன்னும் கைக்கு வரவில்லை என்று சொல்லும் குடும்பங்கள் நம் காலனிகளில் உண்டு. பஞ்சமி நில வழக்கு என்றால் கேட்கவே வேண்டாம். எதிராளி சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்திருப்பார். வாய்தா மேல் வாய்தா போகும். அறுவடை மட்டும் ஆண்டு தவறாமல் நடக்கும். நிலத்தைக் கையில் வைத்திருப்பவருக்குத் தாமதத்தால் என்ன நட்டம்?

செங்கல்பட்டு கலெக்டர் திரமென்ஹீர் கொடுத்த அறிக்கையை ஒட்டி 1892-ல் ஒதுக்கப்பட்ட நிலங்கள் இவை. பத்து ஆண்டுகளுக்கு விற்கக் கூடாது. பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கே விற்கலாம் என்பது நிபந்தனை. நிபந்தனை தெளிவாக இருந்தும் வழக்கு மட்டும் முடிவதில்லை.

முதலில் ஒன்றைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். மேல்முறையீட்டில் தடையாணை இருக்கிறதா? அப்பீல் போட்டாலே தீர்ப்பு நின்றுவிடும் என்று பலர் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். அப்படி இல்லை. நிலத்தை ஒப்படைக்கச் சொல்லும் தீர்ப்பு நம்மிடம் இருந்து, தடையாணையும் இல்லை என்றால் நிறைவேற்று மனு போடலாம். அதற்கு 12 ஆண்டு வரைதான் அவகாசம்.

தடையாணை இருந்தால், அதை நீக்கக் கேட்கலாம். கூடவே அப்பீலை விரைந்து விசாரிக்கும்படி தனி மனு கொடுக்கலாம். இந்த மனுவில் 'நாங்கள் ஏழைகள்' என்று எழுதினால் மட்டும் போதாது. பெரியவரின் வயதுச் சான்று, மருத்துவச் சீட்டு, நிலத்தில் புதிதாகக் கட்டடம் எழும்பினால் அதன் போட்டோ எல்லாம் இணைக்க வேண்டும். எத்தனை வாய்தா, யார் கேட்டு வாங்கியது என்பதும் வேண்டும். இதை வீட்டில் இருக்கும் கல்லூரிப் பிள்ளையே எடுத்துத் தரலாம். வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை இ-கோர்ட்ஸ் செயலியில் போட்டால் வாய்தா தேதிகள் வரிசையாக வரும்.

அதற்கும் அசையவில்லை என்றால், அரசியல் சட்டம் 227-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். இத்தனை மாதத்துக்குள் முடி என்று கீழ் நீதிமன்றத்துக்கு உத்தரவிட அதற்கு அதிகாரம் உண்டு. வக்கீல் செலவுக்குப் பயப்பட வேண்டாம். பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. கோர்ட் வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் குழுவிடம் சாதிச் சான்றிதழோடு போகலாம்; 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

இழுத்தடிப்பில் இன்னொரு ஆபத்து, வழக்காடும் பெரியவர்கள் இறந்துபோவது. அப்பீல் நம்முடையது என்றால், அவர் இறந்த 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க மனு போட வேண்டும். தவறினால் அவர் அளவில் அப்பீல் தானாக அற்றுப்போகும். அதை மீட்க மேலும் 60 நாள் உண்டு. அதுவும் தாண்டினால் தாமதத்துக்குக் காரணம் சொல்லி வேறொரு மனு, அதற்கு வேறு வாய்தாக்கள். காரியம் முடிந்த கையோடு இறப்புச் சான்றிதழுக்கும் வாரிசுச் சான்றிதழுக்கும் எழுதிக்கொடுத்துவிட்டு, வக்கீலுக்கும் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.